வரலாற்று இயேசு பற்றிய வீடியோ பாடத்தொடர்: முதல் பாதிக்காகவே வாங்கலாம்

இயேசுவைப் பற்றி வரலாற்று ஆய்வாளர்கள் என்ன சொல்கிறார்கள் என்று தெரிந்துகொள்ள விரும்புகிறவர்களுக்காக ஒரு பல்கலைக்கழகப் பேராசிரியர் நடத்தும் ஆங்கில வீடியோ பாடத்தொடர் ஒன்றைக் காசு கொடுத்து வாங்கி, ஆரம்பம் முதல் கடைசி வரை பார்த்து முடித்தேன். சில பாடங்களைத் திரும்பவும் பார்த்தேன். இதே பாணியில் வேறு சில தொடர்களும் விற்பனையில் இருக்கின்றன. நான் சொல்லப்போகும் நிறைகுறைகள் அவற்றிலும் தேடிப் பார்க்க வேண்டியவைதான் என்பதால் பெயரைச் சொல்லாமலே எழுதுகிறேன். வாங்குவதற்கு முன் எதைக் கவனிக்க வேண்டும் என்று தெரிந்தால் போதும்.

முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். முதல் பாதி அருமை, அதற்காக மட்டுமே வாங்கலாம். நடுவில் நான்கைந்து பாடங்கள் தடம் மாறிப் போகின்றன. அது சின்ன விஷயம் இல்லை, ஏன் என்று கீழே விரிவாகச் சொல்கிறேன். இயேசுவின் கடைசி வாரத்தைப் பற்றிய பாடங்கள் மறுபடியும் நன்றாக இருக்கின்றன.

பேராசிரியர் இயேசு பிறந்ததாகச் சொல்லும் பெத்லகேமில் ஆரம்பிக்கவில்லை, அவர் வளர்ந்த கலிலேயாவில் ஆரம்பிக்கிறார். எனக்கு மிகவும் பிடித்தது அதுதான். அந்தப் பகுதி யார் கையில் இருந்தது, யாருக்கு வரி போனது, மக்கள் என்ன பேசினார்கள், எதைச் சாப்பிட்டார்கள், எதைத் தொட்டால் தீட்டு என்று நினைத்தார்கள் என்று சொல்லிக்கொண்டே போகிறார். முதல் சில பாடங்களில் இயேசுவின் பெயரே அபூர்வமாகத்தான் வருகிறது. பொறுமையில்லாதவர்களுக்கு இது இழுவையாகத் தெரியலாம். ஆனால் அடுத்து வரும் எல்லாவற்றுக்கும் அஸ்திவாரம் இங்கேதான் விழுகிறது.

ஒரு உதாரணம். சினிமாக்களில் கலிலேயாவின் கிராமத் தெருவெல்லாம் ரோமப் படைவீரர்கள் திரிவார்கள், ஜனங்கள் ஒதுங்கி நிற்பார்கள். உண்மையில் இயேசு வாழ்ந்த காலத்தில் கலிலேயாவை நேரடியாக ஆண்டது ரோம அதிகாரி இல்லை. பெரிய ஏரோதின் மகன் ஏரோது அந்திப்பா, கி.மு. 4 முதல் கி.பி. 39 வரை ஆண்டார். ரோமுக்குக் கட்டுப்பட்ட ஆள்தான், ஆனால் அவருக்கென்று தனி நிர்வாகம், தனிப் படை. ரோமின் லெஜியன் படைகள் அப்போது சிரியாவில் இருந்தன, கலிலேயாப் பக்கம் ஒரு லெஜியன் நிரந்தரமாக வந்து தங்கியது இரண்டாம் நூற்றாண்டில்தான். அந்திப்பா அடித்த காசுகளில் மனித முகமே கிடையாது. நாணல், பனைக்கிளை மாதிரி உருவங்கள்தான் இருக்கும். உருவம் பொறித்த காசை அடித்தால் குடிமக்களுக்குப் பிடிக்காது என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது. இந்த ஒரு விஷயத்தை வைத்துக்கொண்டு, கலிலேயா எவ்வளவு யூதத்தன்மை கொண்ட பூமி என்று பேராசிரியர் காட்டுகிற விதம் பிரமாதம்.

அகழ்வாய்வு பற்றிய இரண்டு பாடங்களும் அதே தரத்தில் இருக்கின்றன. முதல் நூற்றாண்டுக் கலிலேயா வீடுகளில் சுண்ணக்கல்லைக் குடைந்து செய்த குவளைகளும் ஜாடிகளும் ஏராளமாகக் கிடைக்கின்றன. யூதச் சட்டப்படி மண்பாண்டம் தீட்டுப்பட்டால் உடைத்துப் போட வேண்டும், கல்லுக்குத் தீட்டு ஒட்டாது. யோவான் சுவிசேஷத்தில் கானா ஊர்க் கல்யாண வீட்டில் ஆறு கற்சாடிகள் வருகிறதே, அது கதைக்காகச் சேர்த்த அலங்காரம் இல்லை, அந்தக் காலத்து வீட்டு வழக்கம். நாசரேத்துக்குப் பக்கத்தில் ரெய்னா என்ற இடத்தில் இப்படிப்பட்ட பாத்திரங்களை வெட்டியெடுத்த குகையே 2017-ல் வெளிப்பட்டது. உள்ளே பாதி குடைந்து எறிந்த ஜாடிகளும் கடைசல் கழிவும் கிடந்தன. இதோடு படியிறங்கிக் குளிக்கிற சடங்குத் தொட்டிகள் கிடைக்கின்றன, குப்பை மேட்டில் பன்றி எலும்பு கிடைப்பதில்லை. இதையெல்லாம் சேர்த்துப் பார்த்தால் கலிலேயாக்காரர்கள் அரைகுறை யூதர்கள், பாதி கிரேக்கர்கள் என்ற பழைய பேச்சுக்கு இடமே இல்லை. இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள், கீழே தேவைப்படும்.

1986-ல் கலிலேயாக் கடலில் வறட்சியால் தண்ணீர் இறங்கியபோது கினோசர் பக்கம் இரண்டு சகோதரர்கள் சேற்றில் ஒரு படகின் விளிம்பைப் பார்த்தார்கள். எட்டு மீட்டருக்குச் சற்று அதிக நீளம், கார்பன் சோதனையும் கூடவே கிடைத்த பாண்டங்களும் அதை முதல் நூற்றாண்டையொட்டிய காலத்துக்குக் கொண்டுபோகின்றன. நான் இந்தப் பாடத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். படகில் மொத்தம் 12 வகை மரங்கள். தேவதாருப் பலகை, கருவாலிச் சட்டம், அதற்கு மேல் கையில் கிடைத்த மரத்துண்டையெல்லாம் வைத்து ஒட்டுப்போட்டிருக்கிறார்கள். பழைய படகிலிருந்து கழற்றிய பலகையும் இதில் இருக்கிறது. கடைசியில் இதிலிருந்தும் பயன்படக்கூடிய பாகங்களைக் கழற்றிக்கொண்டு மிச்சத்தைத் தண்ணீரில் தள்ளிவிட்டிருக்கிறார்கள். இது இயேசு ஏறிய படகு என்று பேராசிரியர் ஒரு வார்த்தை சொல்லவில்லை, அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. நல்ல மரம் கிடைக்காத, கிடைத்ததைக் கடைசி ஆணி வரை பயன்படுத்திய மீனவர்களின் வாழ்க்கையை அந்தப் பலகைகளை வைத்தே விளக்குகிறார். மீனவர்கள் என்றால் ஏழையா, நடுத்தரமா என்று நடக்கும் வாதத்தை இந்தப் படகுக்குப் பக்கத்தில் வைத்துக் கேட்கும்போது வேறு கனம் வந்துவிடுகிறது.

நாசரேத் என்று ஒரு ஊரே அப்போது இல்லை என்று சொல்பவர்கள் இன்றும் உண்டு. முதல் நூற்றாண்டு யூத வரலாற்றாசிரியர் யோசேபஸ் பட்டியலிடும் கலிலேயா ஊர்களில் நாசரேத் இல்லை என்பது உண்மைதான். ஆனால் 1962-ல் செசரியாவில் கிடைத்த ஒரு எபிரேயக் கல்வெட்டுத் துண்டில் அந்தப் பெயர் இருக்கிறது. 2009-ல் நாசரேத்திலேயே முதல் நூற்றாண்டுக் காலத்து வீடு ஒன்றைத் தோண்டியெடுத்தார்கள். சில நூறு பேர் வாழ்ந்த குக்கிராமம், அவ்வளவுதான். எழுத்தில் ஒரு ஊரின் பெயர் இல்லை என்பதால் ஊரே இல்லை என்றாகாது. இந்த இடத்தைப் பேராசிரியர் வேகமாகக் கடந்துபோகிறார், சரிதான், இதற்கு மேல் இதில் நேரம் செலவிடத் தேவையில்லை.

யோசேபஸ் பற்றிய பாடம்தான் முழுத் தொடரின் மகுடம். யோசேபஸ் யூதப் பிரபு, கலிலேயாவில் ரோமுக்கு எதிராகப் படை நடத்தியவர், பிடிபட்டபின் ரோமின் ஆதரவில் வாழ்ந்து யூத வரலாறு எழுதியவர். சுமார் கி.பி. 93, 94-ல் முடித்த அந்தப் பெரிய வரலாற்றில் இயேசுவைப் பற்றி இரண்டு இடங்கள் இருக்கின்றன. பதினெட்டாம் பகுதியில் வருவது பிரபலமானது, சண்டைக்கும் இடம் தருவது. "அவரே கிறிஸ்து" என்று அதில் அழுத்தமாக வருகிறது. கிறிஸ்தவர் அல்லாத ஒருவர் இப்படி எழுத வாய்ப்பில்லை. மூன்றாம் நூற்றாண்டில் ஒரிகன் என்ற கிறிஸ்தவ அறிஞர் இந்த யோசேபஸ் இயேசுவைக் கிறிஸ்துவாக ஏற்காதவர் என்று எழுதுகிறார், ஆகவே அவர் கையிலிருந்த பிரதியில் இந்த வரி இப்படி இருந்திருக்க முடியாது. பிற்காலத்தில் படியெடுத்த கிறிஸ்தவர்கள் சேர்த்த வரிகளை எடுத்துவிட்டால் அடியில் யோசேபஸ் எழுதிய ஒரு சிறு பகுதி மிஞ்சுகிறது என்பது இன்று ஆய்வாளர்களில் பெரும்பாலானோர் கருத்து. முழுதும் இடைச்செருகல் என்பவர்களும் இருக்கிறார்கள், பேராசிரியர் அவர்களுக்கும் நியாயமாக இடம் கொடுக்கிறார்.

எனக்கு அதைவிட முக்கியமாகப் பட்டது இருபதாம் பகுதியில் வரும் சின்ன இடம். கி.பி. 62. ரோம ஆளுநர் பெஸ்து செத்துப்போனார், அடுத்தவர் அல்பீனு இன்னும் வந்து சேரவில்லை. நடுவில் கிடைத்த இந்த இடைவெளியைப் பயன்படுத்தி அனனு என்ற பிரதான ஆசாரியர் யூத நியாய சங்கத்தைக் கூட்டி, "கிறிஸ்து எனப்பட்ட இயேசுவின் சகோதரன், யாக்கோபு என்று பெயர் கொண்டவன்" என்பவரையும் இன்னும் சிலரையும் கல்லெறிந்து கொல்ல ஒப்புக்கொடுத்தார். நகரத்தில் சட்டத்தைக் கண்டிப்பாகக் கடைப்பிடித்தவர்களுக்கே இது பிடிக்காமல் புகார் போனது, மூன்று மாதப் பதவியோடு அனனு நீக்கப்பட்டார். இந்தப் பத்தி இயேசுவைப் பற்றியே இல்லை, அனனுவின் பதவி எப்படிப் போனது என்பதைப் பற்றியது. யாக்கோபு என்ற பெயருள்ளவர்கள் ஊரெல்லாம் இருந்ததால் எந்த யாக்கோபு என்று அடையாளம் காட்ட மட்டும் அண்ணனின் பெயர் வருகிறது. புகழ்ச்சியும் இல்லை, வசவும் இல்லை. படியெடுத்தவர் யாரும் கைவைக்கத் தேவைப்படாத வரி. இதே யாக்கோபைத்தான் பவுல் கலாத்தியருக்கு எழுதிய கடிதத்தில் எருசலேமில் நேரில் பார்த்ததாகச் சொல்கிறார், பேதுருவோடு பதினைந்து நாள் தங்கியதையும் அங்கேயே சொல்கிறார். இரண்டு பேர், இரண்டு வேறு பக்கங்களிலிருந்து, ஒரே குடும்பத்தைத் தொடுகிறார்கள். இயேசு என்று ஒருவர் வாழவே இல்லை என்ற வாதத்துக்குப் பேராசிரியர் தனிப் பாடம் ஒதுக்கவில்லை. இந்த இரண்டு இடங்களையும் அடுத்தடுத்துப் படித்துக் காட்டுவதோடு விட்டுவிடுகிறார். அதுவே போதும்.

யோவான் ஸ்நானகன் பாடமும் நன்று. யோவானைப் பற்றியும் யோசேபஸ் எழுதியிருக்கிறார். ஜனங்கள் அவர் பேச்சுக்குக் கட்டுப்படுவதைப் பார்த்து அந்திப்பா கலகத்துக்குப் பயந்து முன்கூட்டியே கொன்றுவிட்டார் என்கிறார். சுவிசேஷங்களில் வரும் ஏரோதியாளின் மகளும் நடனமும் அங்கே இல்லை. அடுத்து, இயேசு யோவானிடம் ஞானஸ்நானம் பெற்றதை நான்கு சுவிசேஷங்களும் எப்படிச் சொல்கின்றன என்று பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறார். மாற்கு நேராகச் சொல்லிவிடுகிறார், வந்தார், ஞானஸ்நானம் பெற்றார், முடிந்தது. மத்தேயுவில் யோவானே தடுக்கிறார், நான் உம்மிடம் பெற வேண்டியிருக்க நீர் என்னிடம் வருகிறீரா என்று கேட்கிறார். லூக்கா யோவான் சிறைக்குப் போனதை முதலில் சொல்லிவிட்டு அதற்கப்புறம் ஞானஸ்நானத்தை ஒரு துணை வாக்கியத்தில் வைக்கிறார். நான்காம் சுவிசேஷத்தில் ஞானஸ்நானக் காட்சியே இல்லை, யோவானின் சாட்சி மட்டும்தான். வரவரச் சங்கடம் கூடுவது கண்ணுக்கு முன்னால் தெரிகிறது. தனக்குச் சங்கடம் தரும் ஒன்றை ஒரு சமூகம் புதிதாக உண்டாக்காது, ஆகவே இது நடந்த நிகழ்ச்சி என்பது இந்தத் துறையில் பெரும்பாலும் எல்லோரும் ஒத்துக்கொள்ளும் முடிவு. முறை எப்படி வேலை செய்கிறது என்று புரிந்துகொள்ள இதைவிடத் தெளிவான பாடம் எனக்குக் கிடைத்ததில்லை.

இதற்கப்புறம்தான் சிக்கல். அடுத்த பாடம் இயேசு சொன்ன வார்த்தைகளில் எது உண்மையில் அவருடையது என்று பிரிக்கும் அளவுகோல்களைப் பற்றியது. அதில் ஒன்று வேறுபாட்டு அளவுகோல். ஒரு வாக்கு அந்தக் கால யூத மதத்திலும் இல்லை, பின்னால் வந்த சபையிலும் இல்லை என்றால் அது நிச்சயமாக இயேசுவுடையது என்று எடுத்துக்கொள்ளலாம். 1953-ல் ஜெர்மன் புதிய ஏற்பாட்டு ஆய்வாளர் எர்ன்ஸ்ட் கேஸமான் நிகழ்த்திய உரையிலிருந்து இது பெரிதாகப் பரவியது. பேராசிரியர் இந்த அளவுகோலை மேஜைமேல் வைத்துவிட்டு அடுத்த சில பாடங்களில் அதைக்கொண்டே மலைப்பிரசங்கத்தையும் ஓய்வுநாள் விவாதங்களையும் உவமைகளையும் அளக்கிறார். முதல் பாதியில் அவ்வளவு உழைத்து இயேசுவை அவருடைய ஊரில், அவருடைய ஜனங்களுக்கு நடுவில் நிறுத்தியவர், இங்கே அவரை அந்த ஜனங்களிடமிருந்து பிடுங்கி எடுத்துத் தனியாக வைக்கிறார். இந்தச் சல்லடையில் யூதர்கள் எல்லோரும் சொன்னதும் விழுந்துவிடும், சீஷர்கள் அவரிடம் கேட்டுக் கடைப்பிடித்ததும் விழுந்துவிடும். மேலே நிற்பது யாருக்கும் சொந்தமில்லாத ஒரு ஆள்.

ஓய்வுநாளை எடுத்துக்கொள்ளுங்கள். "மனுஷன் ஓய்வுநாளுக்காக உண்டாக்கப்படவில்லை, ஓய்வுநாள் மனுஷனுக்காக உண்டாக்கப்பட்டது" என்று மாற்கில் இயேசு சொல்கிறார். இது யூதச் சட்டத்தை உடைத்தெறிந்த புரட்சி என்று பாடத்தில் விளக்கம். ஆனால் கிட்டத்தட்ட இதே வாக்கை, ஓய்வுநாள் உங்களிடம் ஒப்படைக்கப்பட்டது, நீங்கள் ஓய்வுநாளிடம் ஒப்படைக்கப்படவில்லை என்று ரபி சிமியோன் பென் மெனாசியா சொன்னதாக யூத வேதவிளக்க மரபில் இருக்கிறது. ரபியின் காலம் பிந்தியதுதான், அதனால் யார் யாரிடமிருந்து எடுத்தார் என்பது கேள்வியே இல்லை. ஓய்வுநாளில் உயிரைக் காப்பாற்றலாமா, எந்த அளவுக்கு வேலை செய்யலாம் என்று யூதர்கள் தங்களுக்குள் ஓயாமல் வாதாடினார்கள், இயேசு அந்த வாதத்தில் ஒரு தரப்பாக நின்று பேசுகிறார். வெளியே நின்று சட்டத்தை இடிக்கவில்லை. ஆய்வாளர்கள் கேசா வெர்மெஸ் 1970-களிலும் இ. பி. சாண்டர்ஸ் 1980-களிலும் இதை விலாவாரியாகக் காட்டிவிட்டார்கள். பாடத்தொடர் இருவர் பெயரையும் மரியாதையோடு சொல்கிறது, ஆனால் அவர்கள் சொன்னதை இந்தப் பாடங்களில் பயன்படுத்தவில்லை. இதுதான் என் பெரிய மனக்குறை.

இது வெறும் முறையியல் சண்டை என்று நினைக்காதீர்கள். 1939-ல் ஜெர்மனியின் ஐசனாக் நகரில் திருச்சபை வாழ்விலிருந்து யூதச் செல்வாக்கை ஒழிப்பதற்கென்றே ஒரு ஆய்வு நிறுவனம் தொடங்கினார்கள். அதன் கல்வித் தலைவராக இருந்த வால்டர் குருண்ட்மான் புதிய ஏற்பாட்டுப் பேராசிரியர். கலிலேயாவில் பிற இனத்தார் கலந்து வாழ்ந்தார்கள், ஆகவே இயேசு யூதர் இல்லை என்று 1940-ல் எழுதினார். படித்த ஆட்கள், கிரேக்கம் எபிரேயம் தெரிந்தவர்கள், ஒரு ஜனத்தையே அழித்துக்கொண்டிருந்த அரசுக்குத் துணையாக இதைச் செய்தார்கள். கேஸமானை இவர்களோடு சேர்க்கக் கூடாது, அவர் நாஜி ஆட்சியில் 1937-ல் கெஸ்டபோவால் சிறைவைக்கப்பட்டவர், அவருடைய நோக்கம் முற்றிலும் வேறு. இருந்தாலும் இயேசுவை யூதரிலிருந்து பிரித்தால்தான் அவரைச் சரியாகப் பார்க்க முடியும் என்ற பழக்கம் எவ்வளவு ஆழமாகப் போயிருந்தது என்பதற்காகச் சொல்கிறேன். கற்சாடியும் குளிக்கும் தொட்டியும் பன்றி எலும்பு இல்லாத குப்பைமேடும் குருண்ட்மானுக்கு நேரடியான பதில். அந்தப் பதிலைத் தானே இரண்டாம் மூன்றாம் பாடங்களில் கொடுத்துவிட்டு, இங்கே இதைப்பற்றி ஒரு வார்த்தை சொல்லாமல் பேராசிரியர் நகர்ந்துவிட்டது எனக்கு நிஜமாகவே வருத்தம். இந்தத் துறையின் வரலாற்றைச் சொல்கிற எந்தப் பாடமும் ஐசனாக்கை விட்டுவிடக் கூடாது.

இதே பகுதியில் 1985-ல் அமெரிக்க ஆய்வாளர் ராபர்ட் ஃபங்க் தொடங்கிய ஆய்வரங்கத்தைப் பற்றியும் வருகிறது. சிவப்பு, இளஞ்சிவப்பு, சாம்பல், கறுப்பு மணிகளைப் போட்டு ஒவ்வொரு வாக்கும் இயேசுவுடையதா என்று ஓட்டெடுத்தவர்கள். இயேசு சொன்னதாக வரும் வாக்குகளில் சுமார் 18 சதவீதம்தான் தேறின. அந்த முடிவுகளை ஏற்காவிட்டாலும், உள்ளே நடப்பதை ஊரறியச் செய்தார்களே என்று எனக்கு அவர்கள்மேல் மரியாதை உண்டு. இரு மூல ஆதாரக் கொள்கையை, அதாவது மத்தேயுவும் லூக்காவும் மாற்கையும் இன்று கிடைக்காத ஒரு வாக்குத் தொகுப்பையும் பார்த்து எழுதினார்கள் என்பதை, முடிந்த விஷயம் மாதிரிச் சொல்லிவிடுகிறார். பெரும்பாலோர் ஏற்பதுதான், ஆனால் அந்தத் தொகுப்பே தேவையில்லை, லூக்கா மத்தேயுவைப் படித்திருந்தார் என்று வாதிடுகிறவர்கள் குறைவில்லை. ஒரு நிமிடம் ஒதுக்கியிருக்கலாம்.

கடைசி வாரம் பற்றிய பாடங்களில் பழைய பேராசிரியர் திரும்ப வந்துவிடுகிறார். இயேசுவைச் சிலுவைக்கு அனுப்பிய ரோம ஆளுநர் பிலாத்து வழக்கமாகத் தங்கியிருந்தது கடலோரச் செசரியாவில். அவருடைய பெயரும் பதவியும் பொறித்த கல் அங்கேதான் 1961-ல் கிடைத்தது, அரங்கத்தின் படிக்கல்லாக மறுபடி பயன்படுத்தியிருந்தார்கள். பஸ்கா மாதிரிப் பண்டிகைகளுக்கு மட்டும் படையோடு எருசலேம் வருவார். காரணம் கூட்டம். எகிப்திலிருந்து விடுதலையானதைக் கொண்டாடும் பண்டிகை, ஊர் கொள்ளாத ஜனம், ஆலய மண்டபங்களின் மேல் காவலுக்கு வீரர்கள். கி.மு. 4-ல் ஒரு பஸ்காவின்போது அந்திப்பாவின் சகோதரன் அர்கெலாவின் படை மூவாயிரம் பேரைக் கொன்றது என்கிறார் யோசேபஸ். அந்த நினைவு இருக்கும் ஊரில் ஒருவர் ஆலயத்துக்குள் மேஜைகளைக் கவிழ்த்தால் என்ன ஆகும் என்று யோசியுங்கள். காய்பா கி.பி. 18 முதல் 36 வரை பிரதான ஆசாரியர். பிலாத்து இருந்த பத்தாண்டும் அவரே நீடித்தார். மற்ற பல ஆசாரியர்கள் ஓரிரு வருடத்தில் மாற்றப்பட்ட காலம் அது, ஆக இருவருக்கும் நல்ல ஒத்துப்போக்கு இருந்திருக்கிறது. சுவிசேஷங்களில் தயங்கித் தயங்கிக் கைகழுவும் பிலாத்து, யூதத் தத்துவ அறிஞர் பிலோவும் யோசேபஸும் காட்டும் பிலாத்து இல்லை. சமாரியர்களைக் கொன்று குவித்ததற்காகத்தான் கடைசியில் பதவியே போனது.

அப்புறம் யோசேபஸ் சொல்லும் அனனியாவின் மகன் இயேசு. பெயர் ஒன்று, ஆள் வேறு. கி.பி. 62-ல் கூடாரப் பண்டிகைக்கு வந்த ஒரு கிராமத்து ஆள், எருசலேமுக்கு ஐயோ என்று ஆலயத்தில் நின்று கத்த ஆரம்பித்தார். நகரத் தலைவர்கள் பிடித்து அடித்தார்கள், பிறகு ரோம ஆளுநர் அல்பீனுவிடம் கொண்டுபோனார்கள். எலும்பு தெரியச் சாட்டையால் அடித்தும் யார் நீ, எங்கிருந்து வந்தாய் என்ற கேள்விக்குப் பதிலே சொல்லவில்லை, அதே ஐயோ மட்டும்தான். பைத்தியம் என்று விட்டுவிட்டார்கள். ஏழு வருடத்துக்கு மேல் அப்படியே கத்திக்கொண்டிருந்து, எருசலேம் முற்றுகையின்போது ரோமர்கள் எறிந்த கல் பட்டுச் செத்தார். ஆலயத்துக்கு எதிரான தீர்க்கதரிசனம், ஆசாரியர்கள் பிடித்துக் கொடுப்பது, ஆளுநர் முன்னால் மௌனம் எல்லாம் இரண்டு பேருக்கும் பொது. அப்படியானால் ஒருவரை ஏன் விட்டார்கள், இன்னொருவரை ஏன் சிலுவையில் அறைந்தார்கள்? இவரிடம் கூட்டம் இல்லை, ராஜ்யம் வருகிறது என்ற பேச்சு இல்லை. நாசரேத் இயேசுவிடம் இரண்டும் இருந்தன. அதே சமயம் சீஷர்களை யாரும் வேட்டையாடவில்லை, ஆக இது ஆயுதக் கலகம் இல்லை என்று பிலாத்துக்கே தெரியும் என்ற வரலாற்றாய்வாளர் பவுலா ஃபிரெட்ரிக்சனின் வாதத்தையும் பேராசிரியர் எடுத்து வைக்கிறார். நான் இத்தனை வருடம் சபையில் கேட்ட பாடுகளின் கதை இந்த அரை மணி நேரத்தில் எனக்கு இன்னும் கனமாகிவிட்டது. இதற்காகவும் இந்தத் தொடருக்கு நன்றி சொல்வேன்.

சிலுவை மரணத்துக்கான பொருட்சான்றைச் சொல்லும் விதமும் நேர்மையாக இருக்கிறது. 1968-ல் எருசலேமின் வடக்கே ஒரு கல்லறையில், எலும்புப் பெட்டிக்குள், யெகோகானான் என்ற இளைஞனின் குதிகால் எலும்பு ஆணியோடு கிடைத்தது. முதலில் ஆராய்ந்தவர்கள் ஒரே ஆணி இரண்டு குதிகாலையும் துளைத்ததாகவும் கையிலும் ஆணியின் தடம் இருப்பதாகவும் எழுதினார்கள். 1985-ல் ஜோ சையஸும் எலியேசர் செக்கெலஸும் மறுபடி பார்த்தபோது ஆணியின் நீளம் 11.5 சென்டிமீட்டர்தான், ஒரு குதிகாலைத்தான் பக்கவாட்டில் துளைத்திருக்கிறது, கையில் தடம் ஏதும் இல்லை என்று தெரிந்தது. நுனி வளைந்துவிட்டதால்தான் ஆணி எலும்போடு ஒட்டிக்கொண்டு நமக்குக் கிடைத்திருக்கிறது. பழைய முடிவு எப்படித் திருத்தப்பட்டது என்பதையும் சேர்த்துச் சொல்லியிருப்பது பாராட்டத்தக்கது.

உயிர்த்தெழுதலுக்கு ஒரே ஒரு பாடம், அதுவும் ஓட்டம். அது நடந்ததா என்று வரலாற்று முறையால் தீர்ப்புச் சொல்ல முடியாது, சீஷர்கள் அதை நம்பினார்கள் என்பது மட்டும் உறுதி என்கிறார். இதில் எனக்குச் சண்டை இல்லை. ஆனால் கொரிந்தியருக்கு எழுதிய முதல் கடிதத்தின் 15-ஆம் அதிகாரத்தில், தான் பெற்றுக்கொண்டதையே ஒப்படைப்பதாகச் சொல்லிப் பவுல் கொடுக்கும், உயிர்த்த இயேசுவைப் பார்த்தவர்களின் பட்டியல், கேபா (பேதுரு), பன்னிருவர், ஐந்நூறு பேர், யாக்கோபு என்று போகிறதே, எந்தச் சுவிசேஷத்துக்கும் முந்தின எழுத்து அது. அதைத் திரையில் கூடக் காட்டவில்லை. பெண்களுக்கும் இதே கதிதான். மகதலேனா மரியாளுக்குக் கொஞ்சம் நேரம் கிடைக்கிறது, அந்திப்பாவின் காரியக்காரன் கூசாவின் மனைவி யோவன்னாளுக்குக் கிடைக்கவில்லை. அரண்மனைக்குள்ளிருந்தே ஒரு பெண் இயேசுவின் கூட்டத்துக்குப் பணம் கொடுத்தார் என்று லூக்கா சொல்வதை, அந்திப்பாவைப் பற்றி அவ்வளவு பேசிய ஒருவர் எப்படி விட்டார் என்று புரியவில்லை.

பிறப்புக் கதைகளின் காலக்கணக்கு, மத்தேயு சொல்லும் பெரிய ஏரோது கி.மு. 4-ல் இறந்தார், லூக்கா சொல்லும் சிரேனியுவின் குடிமதிப்பு கி.பி. 6-ல் நடந்தது, இரண்டும் சேராது என்பதெல்லாம் சுருக்கமாக, சரியாக வருகிறது. இயேசு இந்தியாவுக்கு வந்தார் என்ற கதைக்கும் சில நிமிடம் உண்டு. 1894-ல் நோட்டோவிச் என்பவர் லடாக்கின் ஹெமிஸ் மடத்தில் சுவடி பார்த்ததாக எழுதினார், அடுத்த வருடமே ஒருவர் அங்கே போய்க் கேட்டபோது மடத்துத் தலைவர் அப்படி எதுவும் இல்லை என்று மறுத்தார். நம் ஆட்களிடம் இந்தக் கேள்வி எப்போதும் வருவதால் இது உபயோகம்.

தயாரிப்பைப் பற்றிச் சொல்ல வேண்டும். ஒலி தெளிவாக இருக்கிறது. பேச்சும் நிதானம், வேகத்தைக் கூட்டிப் பார்த்தாலும் புரிகிறது. வரைபடங்கள்தான் மோசம். நாசரேத்துக்கும் பக்கத்து நகரமான செப்போரிஸுக்கும் சுமார் ஆறு கிலோமீட்டர்தான் என்று வாயால் சொல்கிறார், திரையில் இருக்கும் படத்தில் செப்போரிஸே இல்லை. சப்டைட்டிலில் ஊர்ப் பெயர்களும் ஆட்பெயர்களும் கண்டபடி தப்பாக வருகின்றன. ஆங்கிலத்தில் இந்தப் பெயர்களை முதன்முதலாகக் கேட்கிறவர்கள் நம் வேதாகமத்தைப் பக்கத்தில் திறந்து வைத்துக்கொண்டால் யார் யார் என்று பிடிபடும். கூடவே வரும் பாடக்குறிப்பு நன்றாக இருக்கிறது. ஒவ்வொரு பாடத்துக்கும் படிக்க வேண்டிய யோசேபஸ் பகுதிகளையும் வசனங்களையும் கொடுத்திருக்கிறார்கள், அவற்றைப் படித்துவிட்டுப் பார்த்தால் பலன் இரட்டிப்பு.

இது யாருக்கு ஆகும்? விசுவாசிகள் தாராளமாகப் பார்க்கலாம், பேராசிரியர் யாருடைய நம்பிக்கையையும் சீண்டுவதில்லை. நம்பிக்கை இல்லாதவர்களும் பார்க்கலாம், பிரசங்கம் எங்கும் இல்லை. ஏற்கெனவே இந்தத் துறையில் நிறையப் படித்தவர்களுக்கு அகழ்வாய்வுப் பாடங்களும் கடைசி வாரமும் மட்டும் போதும். தள்ளுபடி அடிக்கடி வருகிறது, அப்போது வாங்குங்கள். அளவுகோல் பாடத்தைப் பார்த்தால் அதன் முடிவுகளை அப்படியே எழுதி வைத்துக்கொள்ள வேண்டாம், முதலில் மூன்றாம் பாடத்தைத் திரும்ப ஒருமுறை ஓட்டிப் பாருங்கள். எசேனர் என்ற யூதப் பிரிவினரும் சவக்கடல் சுருள்களும் பற்றிய பாடத்தை நேரமில்லாவிட்டால் விட்டுவிடலாம், அதில் சொல்வது எல்லா இடத்திலும் கிடைக்கும். ஆனால் யோசேபஸ் பாடத்தைப் பார்க்காமல் கடைசி வாரத்துக்குத் தாவிவிடாதீர்கள், அங்கே வரும் சாட்சிகளில் பாதிப்பேர் அவர் சொல்லித்தான் நமக்குத் தெரியும்.